கனவில் சிரித்த மகாராஜா

நெடுங்குளம் சமஸ்தானத்தை ஆண்ட செண்டலங்கார ராயருக்கும் அவர் ராணி ரத்னாங்கிக்கும் ஒரு நாள் பேச்சு நின்றுபோயிற்று. காரணம் பெரிதாக ஒன்றுமில்லை. ராயர் தூக்கத்தில் வாய்விட்டுச் சிரித்துவிட்டார். ராணி எழுப்பி, எதற்குச் சிரித்தீர்கள் என்று கேட்டாள். நினைவில்லை என்றார் மனிதர். கனவில் நான் இருந்தேனா என்றாள். தூக்கக் கலக்கத்தில், "இல்லை" என்று உண்மையைச் சொல்லித் தொலைத்தார். நான் இல்லாத இடத்தில் இவருக்கு இவ்வளவு சிரிப்பா என்று ராணி முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

அதோடு அரண்மனை இரண்டு பட்டது. மந்திரிகளில் பாதிப் பேர் ராஜா பக்கம், பாதிப் பேர் ராணி பக்கம். பட்டத்து யானையைக்கூட விடவில்லை. தீனி போடுவது ராஜா கட்சி, குளிப்பாட்டுவது ராணி கட்சி. சாப்பாட்டு நேரத்தில் கட்டியக்காரன் நடுவில் நிற்க வேண்டும். "ராஜாதிராஜ ராஜகம்பீர செண்டலங்கார மகாராஜா அவர்கள் ராணியார் பக்கம் இருக்கும் உப்பைக் கேட்கிறார்கள்" என்று அவன் முழங்கி முடிப்பதற்குள் சோறு ஆறிவிடும்.

ராயருக்குப் பொறுக்கவில்லை. ஆனால் இறங்கி வரவும் மனமில்லை. அவைப் புலவர் வரதுப்பிள்ளையைக் கூப்பிட்டார். வெள்ளிக்கிழமைக்குள் ராணி முதலில் பேச வேண்டும், இல்லாவிட்டால் நாட்டை விட்டுப் போய்விடு என்றார். பிள்ளை வெளியே வந்தால் ராணியின் தாதி காத்திருந்தாள். வெள்ளிக்கிழமைக்குள் ராஜா முதலில் பேச வேண்டும், இல்லாவிட்டால் நாட்டை விட்டுப் போய்விடு என்பது ராணியின் உத்தரவு. யார் முதலில் பேசினாலும் பிள்ளைக்குப் பயணம் நிச்சயம். யாரும் பேசாவிட்டாலும் அதுவேதான்.

வீட்டுக்கு வந்து விஷயத்தைச் சொன்னார். மனைவி தையல்நாயகி தலையில் அடித்துக்கொண்டாள். இவரை நம்பிக் கழுத்தை நீட்டியதற்கு இதுவும் வேண்டும், இன்னமும் வேண்டும் என்றாள். வேட்டியை ஒழுங்காகக் கட்டத் தெரியாது, ஊருக்குப் புத்தி சொல்லப் போய்விடுவார் என்றாள். பக்கத்து வீட்டுக் குஞ்சரத்தம்மாள் சுவருக்கு மேலே எட்டிப் பார்த்தாள்.

"ஆமா தையு, உங்க வீட்டுக்காரர் கொஞ்சம் அசடுதான்" என்றாள் ஆறுதலாக.

தையல்நாயகி சட்டென்று திரும்பினாள். "அவரைச் சொல்ல நீ யாருடி? அவர் படிச்ச படிப்பில கால்வாசி உங்க வம்சத்துக்கே உண்டா?"

குஞ்சரத்தம்மாளின் தலை சுவருக்குப் பின்னால் மறைந்தது. வரதுப்பிள்ளை முகத்தில் அன்றைக்கு அப்போதுதான் முதல் தடவையாகக் களை வந்தது. மனைவியை அவர் பார்த்த பார்வையில் நன்றி இருந்தது. கொஞ்சம் காதலும் இருந்தது என்று சொன்னால் தவறில்லை.

வெள்ளிக்கிழமை சாப்பாட்டு நேரத்தில் நேரே அரண்மனைக்குப் போனார். ராஜாவும் ராணியும் ஆளுக்கொரு பக்கம் பார்த்து உட்கார்ந்திருந்தார்கள். பிள்ளை ராணியை வணங்கி, நியாயம் முழுக்க உங்கள் பக்கம்தான் தாயே என்று ஆரம்பித்தார். தனியாகச் சிரிப்பவரை எப்படி நம்புவது? விழித்திருக்கும்போது மட்டும் என்ன வாழ்கிறதாம்? இன்று நான் சொன்ன வேடிக்கைக்கு நாளைக்குத்தானே சிரிக்கிறார்?

ராணி கட்டியக்காரனைப் பார்த்து, மகாராஜா எதையும் ஆழ்ந்து யோசித்துச் சிரிப்பவர் என்று இந்த ஆளுக்குச் சொல் என்றாள். குரல் கொஞ்சம் சூடாக இருந்தது.

பிள்ளை ராஜா பக்கம் திரும்பினார். பிரபு, நியாயம் உங்களிடமும் இருக்கிறது என்றார். கனவுக்கெல்லாம் பதில் சொல்ல முடியுமா? ராணியார் வீணை எடுத்த நாளில் அரண்மனைப் புறாக்கள் பக்கத்து நாட்டுக்குக் குடிபோனதை நாம் தாங்கிக்கொள்ளவில்லையா?

ராயருக்குக் காது சிவந்தது. அந்தப் புறாக்கள் நன்றி கெட்டவை என்று சொல் என்றார் கட்டியக்காரனிடம்.

"ஆகவே," என்றார் பிள்ளை, "ஒருவருக்கொருவர் லாயக்கில்லை. ராணியாரை அப்பா வீட்டுக்கு அனுப்பிவிடலாம். மகாராஜாவுக்கு நானே வேறு பெண் பார்க்கிறேன்."

"ரத்னா, இவன் பேசுவதைக் கேட்டாயா?" என்று ராயர் எழுந்தார். "கேட்டுக்கொண்டு சும்மா இருக்கிறீர்களே?" என்று ராணியும் எழுந்தாள். இரண்டும் ஒரே நொடியில் வந்தன.

யார் முதலில் பேசியது என்று கட்டியக்காரனை எல்லாரும் பார்த்தார்கள். "எனக்கு இரண்டு காது பிரபு. இரண்டிலும் ஒன்றாகத்தான் விழுந்தது" என்றான் அவன். தோற்றவர் யாருமில்லை என்று ஆனதும் நாடு கடத்தல் தானாகவே அடிபட்டுப்போயிற்று.

ஆனால் பேசிய பேச்சுக்குத் தண்டனை வேண்டாமா? கழுதைமேல் ஏற்றலாம் என்றார் ராஜா. வால் பக்கம் பார்த்து உட்கார வைக்க வேண்டும் என்றாள் ராணி. கரும்புள்ளி செம்புள்ளி குத்தலாம் என்றார் அவர். இந்த நிறத்தில் கரும்புள்ளி எங்கே தெரியப் போகிறது, செம்புள்ளி போதும் என்றாள் அவள். பேசப் பேச இருவருக்கும் சிரிப்புத் தாங்கவில்லை. சோறு ஆறியதை யாரும் கவனிக்கவில்லை.

"பிரபு," என்றார் பிள்ளை பணிவாக, "அன்றைக்குக் கனவில் கழுதை ஏதாவது வந்ததா?"

ராயர் விழித்தார். பிறகு தொடையில் தட்டினார். "வந்தது. நீதான் அதன்மேல் திரும்பி உட்கார்ந்து போனாய். அதற்குத்தான் சிரித்தேன்."

ராணியின் சிரிப்பு நின்றது. "அப்போது நான் எங்கே இருந்தேன்?"

ராயர் புலவரைப் பார்த்தார். வரதுப்பிள்ளை ராணிக்குப் பின்னால் நின்று, கயிறு இழுப்பதுபோல் கையை அசைத்துக் காட்டினார்.

"நீதானே கழுதையின் கயிற்றைப் பிடித்திருந்தாய்" என்றார் ராயர்.

அது போதும் அவளுக்கு. கோட்டை வாசல் வரை கயிற்றைப் பிடித்துக்கொண்டு அவளே நடந்தாள். ராஜா கூடவே சிரித்துக்கொண்டு போனார். வாசலில் ஒரு பொற்கிழியைக் கழுதையின் கழுத்தில் கட்டி இருவருமாக அனுப்பி வைத்தார்கள்.

முகமெல்லாம் செம்புள்ளியோடு, வாலைப் பார்த்தபடி, வரதுப்பிள்ளை தன் தெருவுக்குள் நுழைந்தார். சுவருக்கு மேலே குஞ்சரத்தம்மாளின் தலை முளைத்தது. அவள் வாயைத் திறப்பதற்குள் தையல்நாயகி இடுப்பில் கை வைத்துக்கொண்டு வாசலுக்கு வந்துவிட்டாள்.

"என் வீட்டுக்காரர் எந்தப் பக்கம் பாத்து உக்காந்தா உனக்கென்னடி?"