குதிரைக்குள் அத்துமீறிய சோளம்

அமெரிக்கா தனி நாடாகிச் சில ஆண்டுகளே ஆகியிருந்த காலம். மேப்பிள் ஆற்றங்கரை மாவட்டத்துக்கு எனோக் டன்லப் என்று ஒரு நீதிபதி இருந்தார். அதற்கு முன் அவர் காங்கிரஸ் என்ற பெரிய சபையில் உறுப்பினர். அங்கே மற்றவர்கள் எழுந்தால் மணிக்கணக்கில் முழங்குவார்கள். இவர் எழுந்து "கூடாது" என்பார், உட்கார்ந்துவிடுவார். உறுப்பினர்கள் தங்கள் சம்பளத்தைத் தாங்களே உயர்த்தப் பார்த்தபோதும் "கூடாது" என்றார். விடுவார்களா? கட்சிக்காரர்கள் ஒன்றுகூடி அடுத்த தேர்தலில் கவிழ்த்துவிட்டார்கள். ஆனால் சொந்த ஊர் ஜனங்கள் மனுமேல் மனு போட்டு அவரை நீதிபதி நாற்காலியில் உட்கார வைத்தார்கள்.

அந்த நாற்காலிமேல் வக்கீல் சிலாஸ் பிரிக்ஸுக்கு வெகுநாளாக ஒரு கண்.

ஒருநாள் கவர்னர் ஹார்கிரேவின் பந்தயக் குதிரை, ஹன்னா மெக்கே என்ற விதவையின் வயலில் புகுந்து விளைந்த மக்காச்சோளத்தை மேய்ந்து தீர்த்தது. குளிர்காலம் முழுக்க அவளும் பிள்ளைகளும் நம்பியிருந்த சாப்பாடு அதுதான். குதிரைக்கோ வயிற்றுவலி.

பிரிக்ஸ் கவர்னரிடம் ஓடினார். "குதிரையின் வயிற்றுவலிக்கு நஷ்டஈடு கேட்டு ஹன்னாமேல் வழக்குப் போடுவோம். டன்லப் இரக்கப்பட்டுச் சட்டத்தை வளைப்பார். அதைக் காட்டியே அவரை இறக்கிவிடலாம்!"

வழக்கு விசாரணை அன்று கவர்னரே வந்து முன்வரிசையில் உட்கார்ந்தார். "டன்லப்! நான் கையெழுத்திட்ட சட்டப்படிதான் தீர்ப்பு இருக்க வேண்டும். ஓர் எழுத்துப் பிசகினாலும் பதவி போய்விடும்."

"ஓர் எழுத்தும் பிசகாது, கவர்னர் அவர்களே" என்றார் டன்லப்.

பிரிக்ஸ் எழுந்தார். "கனம் நீதிபதி அவர்களே! வேலி தாண்டிப் பிறர் இடத்தில் நுழையும் பொருளுக்கு அதன் சொந்தக்காரரே பொறுப்பு. இது சட்டம். ஹன்னாவின் வயலுக்கு வேலியே இல்லை. ஆகவே குதிரை எதையும் தாண்டவில்லை. ஆனால் குதிரையின் வாயில் பற்கள் வரிசையாக நிற்கின்றனவே, அது வேலி இல்லையா? அதைத் தாண்டி உள்ளே போனது யார்? ஹன்னாவின் சோளம்!"

கூட்டம் கொல்லென்று சிரித்தது. ஹன்னா அழுதேவிட்டாள். "ஐயா, நானா என் சோளத்தை அங்கே அனுப்பினேன்?"

டன்லப் சிரிக்கவில்லை. "வக்கீல் சொல்வது சரி. பற்கள் வேலிதான். சோளம் அத்துமீறித்தான் நுழைந்திருக்கிறது."

பிரிக்ஸின் முகம் மலர்ந்தது.

"சட்டத்தின் அடுத்த வரியையும் வாசியுங்கள்" என்றார் டன்லப்.

பிரிக்ஸ் வாசித்தார். "நுழைந்த பொருளைச் சொந்தக்காரர் முழுதாய் மீட்டுக்கொள்ளும்வரை, அந்த இடம்..." குரல் உள்ளே போய்விட்டது. "அந்த இடம் அவர் வசம் இருக்கும்."

"இடம் என்பது இங்கே குதிரை. அம்மா, உன் சோளம் முழுதாய்க் கிடைக்கும்வரை குதிரை உன் வசம். ஓட்டிக்கொண்டு போ. உழவுக்கும் பூட்டிக்கொள்."

"பந்தயக் குதிரையை ஏரில் பூட்டுவதா!" என்று துள்ளி எழுந்தார் கவர்னர்.

பிரிக்ஸ் பதறினார். "நீதிபதி அவர்களே, அந்தச் சோளம் மறுநாள் காலையிலேயே வெளியே வந்துவிட்டது!"

"அப்படியா? மிக நல்லது. வந்ததைக் கூடையில் அள்ளி வந்து இந்த மேஜைமேல் வையுங்கள். அது சோளம்தான் என்று பக்கத்தில் நின்று சத்தியம் செய்யுங்கள். உடனே குதிரையை விட்டுவிடுகிறேன்."

பிரிக்ஸ் கவர்னரைப் பார்த்தார். கவர்னர் பிரிக்ஸைப் பார்த்தார். அந்தக் கூடையோடு வக்கீல் நிற்கும் கோலம் மனக்கண்ணில் வந்ததோ என்னவோ, கவர்னர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்க ஆரம்பித்தார்.

"போதும் டன்லப்! என் களஞ்சியத்திலிருந்து இவளுக்கு இரண்டு பங்கு சோளம் போகும். உம்முடைய நாற்காலியும் உமக்கே. வேறென்ன வேண்டும், கேளும்!"

"இந்த அம்மாவின் வயலைச் சுற்றி ஒரு வேலி போட்டுக் கொடுங்கள், கவர்னர் அவர்களே" என்றார் டன்லப். "பல்லில் வேண்டாம். மரத்தில் போதும்."