வாய் திறக்காத வாதம்

அந்த வட்டாரப் போக்குவரத்து ஆபீசில் எந்த விசாரணையும் டீ ஆறுவதற்குள் முடிந்துவிடும். அன்று மினிபஸ் ஓட்டும் பிச்சாண்டியின் முறை. பாலம் உடைந்து கிடந்த மூன்று நாளும் வேறு ரோட்டில் வண்டியை விட்டது குற்றமாம். பெர்மிட் போனால் பிழைப்பே போச்சு.

முந்தின வாரம் பெர்மிட்டைப் பறிகொடுத்த மூன்று பேருக்கு வந்த உத்தரவுகளையும் அவன் வாங்கிப் படித்திருந்தான். பெயரைத் தவிர ஒரு எழுத்துகூட மாறவில்லை. அதனால் ஒரு முடிவோடுதான் வந்தான்.

அதிகாரி தணிகாசலம் செல்போனிலிருந்து தலையைத் தூக்காமலே, "ம், சொல்லு" என்றார். பிச்சாண்டி கையைக் கட்டிக்கொண்டு சும்மா நின்றான். திறந்திருந்த கதவு வழியே, காத்திருந்த கூட்டம் வேடிக்கை பார்த்தது.

ஐந்து நிமிஷம் கழித்து, "சரி, கேட்டாச்சு" என்று, முன்னாலேயே டைப் அடித்து வைத்த உத்தரவில் கையெழுத்துப் போட்டு நீட்டினார்.

பிச்சாண்டி சத்தமாகப் படித்தான்: "மனுதாரரின் நீண்ட வாதத்தைப் பொறுமையாகக் கேட்டேன். அவர் சொன்னது எதுவும் ஏற்கத்தக்கதாக இல்லை."

பிறகு பணிவாகக் கேட்டான்: "ஐயா, நான் வாயே திறக்கலையே. அப்படி என்னதான் சொன்னேன்?"

வெளியே சிரிப்பு வெடித்தது. தணிகாசலம் உத்தரவைப் பிடுங்கிக் கிழித்தார். "இப்ப சொல்லுப்பா" என்று பாலம் உடைந்த கதையைக் கடைசிவரை கேட்டார். பெர்மிட் பிழைத்தது.

அடுத்து உள்ளே வந்தவரைக் கையைப் பிடித்து உட்கார வைத்து, "ஒண்ணு விடாம சொல்லுங்க, நான் கேக்கறேன்" என்றார்.

அவர் தண்ணி கேன் போட வந்தவர்.