ஆலமரத்தடிக் கனவின் மூன்றாவது சட்டம்

ஆற்றங்கரைக் காட்டில் ஓர் ஆலமரம் இருந்தது. அதன் நிழலில் மத்தியானம் யார் யார் கண்ணயர்ந்தாலும் அத்தனை பேருக்கும் ஒரே கனவு வரும். அணில் முதல் காட்டெருமை வரை எல்லோரும் அதற்குள் போய்ச் சந்தித்துக்கொள்வார்கள். அங்கே பலா எப்போதும் பழுத்திருக்கும், சுனை வற்றாது. காட்டெருமை மொக்கையனுக்கு நிஜத்தில் ஒரு கொம்பு ஒடிந்துபோயிருந்தது. கனவில் இரண்டு கொம்பும் ஜோராக இருக்கும்!

இப்படிப்பட்ட இடத்துக்குச் சட்டம் வேண்டாமா? வேண்டும் என்றான் உடும்பு உலகப்பன். யாரும் கேட்காமலே அவனே மூன்று சட்டம் போட்டான். தூங்குமுன் எல்லோரும் அதை உரக்கச் சொல்லியாக வேண்டும்.

"ஒண்ணு, வலப்பக்கம் சாய்ஞ்சுதான் படுக்கணும்! ரெண்டு, கனவில் முதல் பலாச்சுளை உலகப்பனுக்கு! மூணு, கனவில் கேள்வி கேட்கக் கூடாது. கேட்டால் கனவு உடைஞ்சு போகும். அப்புறம் ஒருத்தருக்கும் வராது!"

என்ன சாமர்த்தியம் பாருங்கள்! மூன்றாவது சட்டம் இருக்கும்வரை இரண்டாவதைப் பற்றி யாரும் வாயைத் திறக்க முடியாதே!

முள்ளம்பன்றி முள்ளாத்தாவும் தினம் அதைச் சொல்லிவிட்டுத்தான் படுப்பாள். ஐப்பசி வெள்ளத்தில் அவளுடைய ஒரே குட்டி சுள்ளான் அடித்துக்கொண்டு போய்விட்டான். அதே வெள்ளத்தில் ஆறும் திசைமாறி, ஆலமர விழுதுகளுக்கு நடுவே புகுந்து ஓட ஆரம்பித்தது. மரத்தில் பாதி இக்கரை, பாதி அக்கரை. முள்ளாத்தா துக்கத்தை மறக்கத்தான் தூங்க வந்தாள்.

பங்குனியில் ஒரு நாள், கனவுக்குள் சுள்ளான் வந்து நின்றான்.

"அம்மா!"

முள்ளாத்தா அவனை நோக்கி ஓடினாள். உலகப்பன் குறுக்கே பாய்ந்தான்.

"நில்லு! அது வெறும் நிழல்! பேச்சுக் கொடுத்தால் கேள்வி வரும். கேள்வி வந்தால் கனவு போச்சு!"

மொக்கையனும் கெஞ்சினான். "வேணாம் தாயி! எனக்கு இந்தக் கொம்பு இங்கே மட்டும்தான் இருக்கு."

பாவம், ஊரார் கனவைத் தான் கெடுப்பதா என்று முள்ளாத்தா முகத்தைத் திருப்பிக்கொண்டாள். மூன்று நாள் அவன் கூப்பிடக் கூப்பிடப் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றாள்.

நாலாம் நாள் சுள்ளானின் மூக்கில் ஒரு கீறல் இருந்தது. நேற்று அது இல்லை. நிழல் எங்கே போய் மூக்கைக் கிழித்துக்கொள்ளும்?

அவ்வளவுதான். சட்டமாவது மண்ணாவது!

"அடேய் சுள்ளான்! எங்கடா இருக்கே?"

எல்லோரும் கண்ணை இறுக மூடிக்கொண்டார்கள். மொக்கையன் கொம்பைப் பாறையில் உரசிப் பார்த்தான். இருந்தது! பலா இருந்தது, சுனை இருந்தது. ஒன்றும் உடையவில்லை.

"அக்கரையிலதாம்மா! யானை படுத்த மாதிரி ஒரு பாறை இருக்கு, அதுக்குப் பக்கத்தில. வெள்ளம் எங்கேயோ தூரத்தில கரை ஒதுக்கிடுச்சு, நடந்து நடந்து இந்த மரத்தடிக்கு வந்து நாலு நாள்தான் ஆச்சு. நீ ஏம்மா என்கூடப் பேசவே இல்லை?"

"உன் அம்மாவுக்குப் புத்தி கெட்டுப்போச்சுடா ராசா!" என்று அழுதவள், அழுதபடியே விழித்தாள். விழுந்தடித்து ஆற்றுக்கு ஓடினாள். தண்ணீர் இழுத்துக்கொண்டு ஓடியது. பின்னாலேயே மூச்சிரைக்க மொக்கையன் வந்தான்.

"ஏறு தாயி! முள்ளை மட்டும் கொஞ்சம் மடக்கி வச்சுக்க!"

"மடக்கித்தான் வச்சிருக்கேன்!"

"அப்ப இது என்ன? ஐயோ! அம்மாடி!"

அவன் அலறிக்கொண்டேதான் ஆற்றைக் கடந்தான். ஆனால் ஒரு தடவைகூட நிற்கவில்லை. அக்கரையில், யானைப் பாறையை ஒட்டி, மூக்கில் கீறலோடு சுள்ளான் சுருண்டு படுத்திருந்தான். முள்ளாத்தா அவனை நக்கி நக்கியே எழுப்பினாள்.

மறுநாள் மத்தியானம் யாரும் சட்டம் சொல்லவில்லை. அவரவர் வசதிப்படி படுத்தார்கள். கனவுக்குள் போனதும் அணில்தான் முதலில் கேட்டது.

"முதல் சுளை எதுக்கு உலகப்பனுக்கு?"

உலகப்பன் மெல்ல நழுவினான். பாறைமேல் தனியாக உட்கார்ந்திருந்தான். கீழே ஒரே கும்மாளம். வெகுநேரம் பார்த்திருந்துவிட்டு, சின்னக் குரலில் அவனும் ஒரு கேள்வி கேட்டான்.

"நான் இறங்கி வந்தால் என்னையும் சேர்த்துக்குவீங்களா?"

"கண்ணாமூச்சிக்கு ஓர் ஆள் குறையுது, ஓடி வாங்க மாமா!" என்றான் சுள்ளான்.

கேள்வியே கேட்காதே என்று ஒரு சட்டம் தடுத்தால், அந்தச் சட்டத்தைப் பற்றித்தான் முதல் கேள்வி கேட்க வேண்டும்.