ஜமீன்தார் கேட்ட ஒன்ஸ்மோர்

விக்டோரியா மகாராணி காலத்தில் சென்னைப்பட்டணத்தில் தாண்டவராயன் என்று ஒருவர் இருந்தார். பத்திரிகைக்குச் செய்தி எழுதுவார், மிச்ச நேரத்தில் நாடகம் எழுதுவார். அவை நடக்கிற கொட்டகை ஒரு ஜமீன்தாருடையது. அதனால் ராஜா வேஷமும் அவருக்குத்தான். அவர் பாட ஆரம்பித்தால் ஜனங்கள் வெற்றிலை போட வெளியே போய்விடுவார்கள்.

ஒருநாள் ஜமீன்தார் தாண்டவராயனைக் கூப்பிட்டார். "மற்ற நடிகர்களுக்கெல்லாம் ஜனங்கள் ஒன்ஸ்மோர் கேட்டு மறுபடி நடிக்கச் சொல்கிறார்கள். இந்தச் சனிக்கிழமை எனக்கும் கேட்கணும். அது உம்ம பத்திரிகையிலும் வரணும். இல்லாவிட்டால் கொட்டகையை இழுத்துப் பூட்டிவிடுவேன்."

"ஆகட்டும் எஜமான். ஆனால் நடந்ததைத்தான் எழுதுவேன்."

தாண்டவராயன் கடைசிக் காட்சியை மட்டும் மாற்றினார். ராஜா கத்திக்குத்துப் பட்டு, பாடாமல் விழுந்து சாக வேண்டும்.

சனிக்கிழமை ஜமீன்தார் விழுந்ததும் கொட்டகையே "ஒன்ஸ்மோர்" என்று அலறியது. பூரித்துப்போய் எழுந்து மறுபடி செத்தார். ஜனங்கள் விடவில்லை. இன்னொரு தரமும் செத்தார்.

திங்கட்கிழமை பத்திரிகையில் வந்தது: "ஜமீன்தார் சாக வேண்டுமென்று ஜனங்கள் திரும்பத் திரும்பக் கேட்டார்கள். அவரும் முகம் சுளிக்காமல் செத்துக் கொடுத்தார்."

ஜமீன்தார் அதைக் கண்ணாடிச் சட்டம் போட்டுக் கொட்டகை வாசலில் மாட்டினார். வருகிறவர்களிடமெல்லாம், "பாரும், ஒரு வார்த்தைகூடப் பொய்யில்லை" என்றார்.