நாற்பத்து மூன்றாம் பக்கம்

வாத்து மேய்க்கிற அங்கமுத்துவைக் குண்டர் சட்டத்தில் உள்ளே போட்டார் இன்ஸ்பெக்டர் வரதபாண்டியன். அவன் செய்தது என்ன? ஆற்று மணல் அள்ள வந்த லாரிகளுக்குக் குறுக்கே நானூறு வாத்துகளை ஓட்டிவிட்டான், அவ்வளவுதான்.

அந்தச் சட்டத்தில் விசாரணை இல்லாமலே ஒரு வருஷம் ஜெயில். ஆனால் பிடித்த காரணத்தை எழுதிக் கொடுக்க வேண்டும். எழுத்தறியாதவனுக்கு வாசித்துக் காட்டவும் வேண்டும். சரியாகப் பிடித்தார்களா என்று பார்க்க மூன்று நீதிபதிகள் குழு உண்டு. வக்கீல் கிடையாது, அவனேதான் பேச வேண்டும்.

"காரணம் எழுதின அறுபது பக்கத்தையும் வரி விடாம வாசிச்சுக் காட்டினேன் ஐயா," என்று குழுவின் முன்னால் மீசையைத் தடவினார் இன்ஸ்பெக்டர்.

"நீ என்னப்பா சொல்றே?" என்றார் குழுத் தலைவர்.

"ஆமாங்க சாமி, அருமையா வாசிச்சாரு. அதுலயும் இந்தப் பக்கத்துல எனக்கு அழுகையே வந்துருச்சு. இன்னொருக்கா வாசிக்கச் சொல்லுங்க," என்று நாற்பத்து மூன்றாம் பக்கத்தைப் பிரித்து நீட்டினான்.

ஜெராக்ஸ் மை அப்பி, பக்கம் அடுப்புக்கரியாக இருந்தது. இன்ஸ்பெக்டர் கண்ணாடியைப் போட்டார், கழற்றினார், ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தார். ஓர் எழுத்துகூடத் தெரியவில்லை.

"நீங்களே வாசிக்க முடியாததுக்கு அவன் எப்படிய்யா பதில் சொல்லுவான்?" என்றார் தலைவர். காவலில் வைக்க முகாந்திரம் இல்லை என்று மூவரும் எழுதினார்கள்.

விடுதலையன்று ஜெயிலர் ஒரு தாளை நீட்டி, "இங்க ரேகை வை," என்றார்.

அங்கமுத்து கையைப் பின்னால் கட்டிக்கொண்டான். "வாசிங்க சாமி, கேக்குறேன்."

ஜெயிலர் எழுந்து நின்று, வரி விடாமல் வாசித்தார்.