கரைக்குக் கீழே ஒரு வீடு

முதலில் சில செய்திகளை அறிந்துகொள்ள வேண்டும். பிலோமினா நடத்திய நாளிதழில், எந்தச் செய்தியும் அதனால் பாதிக்கப்படுவோரில் ஒருவரிடம் வாசித்துக் காட்டப்படாமல் அச்சேறாது. அவரிடம் தொழில் கற்ற இளம்பரிதி இப்போது அரசின் மக்கள் தொடர்பு அலுவலர். அவன் வீடு செம்புலியூர் ஏரிக்கரைக்குக் கீழே இருந்தது.

ஐப்பசி மழை விடாது பெய்த ஒரு மாலையில், அவன் நனைந்தபடி பிலோமினாவின் அறைக்குள் வந்தான்.

“ஏரிக்கரையில் நீர் கசிகிறது, அக்கா. ‘கரை உறுதியாக உள்ளது, மக்கள் அஞ்ச வேண்டாம்’ என்று மேலிடத்தில் செய்திக்குறிப்பு கேட்டார்கள். எழுதிவிட்டேன். அனுப்பத்தான் மனம் வரவில்லை.”

“அரசாங்கத்துக்கு மனமும் உண்டா, தம்பி?”

“விளையாடாதீர்கள். அனுப்பாவிட்டால் வேலை போகும். அனுப்பினால்…”

வெளியே மழை வலுத்தது.

“யாரிடம் வாசித்துக் காட்டினாய்?”

“எங்கள் அலுவலகத்தில் அந்த வழக்கம் இல்லை.”

“இங்கே இருக்கிறது. கரைக்குக் கீழே குடியிருப்பவர் ஒருவரைக் கூப்பிடு.”

எவரைக் கூப்பிடவும் அவனுக்குத் துணிவு வரவில்லை. கடைசியில் தன் மனைவியைத் தொலைபேசியில் அழைத்து வாசித்தான். பழகிய குரல், ஒரு சொல்லும் இடறவில்லை.

“அப்பாடா!” என்றாள் கயல்விழி. “அப்ப பாப்பாவக் கூட்டிக்கிட்டு இப்பவே வீட்டுக்குத் திரும்பிடறேங்க. காலையில நீங்க எங்கள வெரட்டின வெரட்டுல அவ பள்ளிக்கூடப் பையக்கூட எடுக்கல.”

“வராதே!” என்று அலறினான் இளம்பரிதி.

வாசித்த தாளைக் கையில் கசக்கினான்.

பிலோமினா ஒரு வெள்ளைத்தாளை அவன் பக்கம் நகர்த்தினார்.

“என்ன எழுதட்டும், அக்கா?”

“உன் மனைவியும் மகளும் எங்கே இருக்கிறார்கள் என்பதை முதல் வரியாக எழுது.”

பின்னர் உறுதிப்பட்டவை இவை. செய்திக்குறிப்பு அந்த முதல் வரியோடு வெளியாயிற்று. இருட்டுவதற்குள் கீழ்த்தெருக்கள் காலியாயின. கரை உடையவில்லை. பீதி பரப்பியதாக விளக்கம் கேட்டு இளம்பரிதிக்குக் குறிப்பாணை வந்தது. எங்கோ ஒரு மூலைக்கு மாற்றலும் வந்தது. அடுத்த ஆண்டு மழையில், அவனிடத்துக்கு வந்த அலுவலர் செம்புலியூருக்கு ஜீப்பில் வந்து, அஞ்ச வேண்டாம் என்று ஒலிபெருக்கியில் அறிவித்தார். மக்கள் அவரிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டார்கள்.

“சார், உங்க குடும்பம் இப்ப எங்க இருக்குது?”

ஒலிபெருக்கி நின்றது.