கோரைத் திட்டும் உடைந்த முட்டையும்

பல வருஷம் நான் நம்பாமல் ஒதுக்கி வைத்திருந்த கதை இது. சொன்னது, வழக்கில் தோற்ற நீர்க்கோழியே. தோற்றவர் தன் வழக்கை இப்படிச் சொல்வாரா என்பதுதான் சந்தேகம்.

அவள் பெயர் செம்மூக்கி. காட்டுக் குளத்தின் நடுவே, கோரைப் புதரில் கூடு கட்டி ஐந்து முட்டை இட்டிருந்தாள். அந்தக் கோடையில் தண்ணீர் இறங்கி, புதரைச் சுற்றிக் கரைவரை ஒரு திட்டு தலைகாட்டியது. மறுநாளே முள்ளம்பன்றி தன் இரண்டு குட்டிகளோடு வந்து கோரைக்கிழங்கு தோண்டத் தொடங்கினான்.

“இது குளம். தண்ணீர் கொஞ்சம் இறங்கியிருக்கிறது, அவ்வளவுதான். வெளியே போ” என்றாள் செம்மூக்கி.

“கால் நனையாமல் நடந்து வந்தேன், இதைப் போய்க் குளம் என்கிறாயே அம்மா! வற்றினால் இது எங்கள் மேடு. என் பாட்டனும் இங்கேதான் தோண்டினார்” என்றான் அவன்.

செம்மூக்கி குளத்து நீதிபதியான நீர்நாயிடம் பறந்தாள். அத்துமீறி நுழைந்துவிட்டான் என்று புகார். குற்றம் உறுதியானால் குடும்பத்தோடு மலைக்கு அப்பால் துரத்திவிடுவார்கள். அவளுக்கு வேண்டியதும் அதுதான்.

நீர்நாய் பொறுமையாக விசாரித்தது. முள்ளம்பன்றி பட்டப்பகலில், முட்களைச் சலசலவென்று ஆட்டியபடி, குளத்துக்கே கேட்கும்படி வந்திருக்கிறான். கெடுதல் செய்ய வருகிறவன் அப்படி வரமாட்டான், தன் இடம் என்று நம்பியே வந்திருக்கிறான் என்று சொல்லி விடுதலை செய்துவிட்டது.

அண்டங்காக்கைக்குக் கொண்டாட்டம். “என்ன செம்மூக்கி, அடுத்து உன் கூட்டிலேயே படுக்கப் போகிறானாமே?” என்று சீண்டியது. பிறகு பக்கத்தில் வந்து உட்கார்ந்து, மலையோடையில் இருக்கும் யானையாரிடம் மேல்முறையீடு செய்யச் சொன்னது. “உன் முட்டை ஒன்று உடைந்து கிடக்கிறதே, அதை அவன் தலையில் கட்டு. ஆளைத் துரத்திவிடுவார்.”

முட்டை உடைந்தது உண்மைதான். முள்ளம்பன்றியைக் கண்ட பதற்றத்தில் கூட்டுக்குள் விழுந்து, அவளே அதை மிதித்துவிட்டாள். நீர்நாய் அதைப் பற்றிக் கேட்கவில்லை. அவளும் சொல்லவில்லை.

ஓடைக்கரையில் யானையார் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டார். முள்ளம்பன்றியின் குட்டிகள் தகப்பனின் வயிற்றோடு ஒட்டிக்கொண்டு நின்றன.

“நீர்நாயின் இடத்தில் நான் இருந்திருந்தால், ஒருவேளை வேறு தீர்ப்பு சொல்லியிருப்பேன்” என்றார் யானையார். “ஆனால் அது போதாது. நீர்நாயின் தீர்ப்பும் நியாயமாகத்தான் தெரிகிறது. விடுதலையானவனை மறுபடி பிடிக்க வேண்டுமென்றால், பெரிய காரணம் வேண்டும். முட்டை ஒன்று உடைந்ததாக இந்தக் காக்கை சொல்கிறதே. அவனா உடைத்தான்?”

காக்கை அவளையே பார்த்தது. ஆமாம் என்று ஒரு சொல் போதும். செம்மூக்கி குட்டிகளைப் பார்த்தாள்.

“இல்லை ஐயா. பயத்தில் நானே மிதித்துவிட்டேன்.”

மேல்முறையீடு தள்ளுபடியானது. காக்கை சொல்லிக்கொள்ளாமல் பறந்துவிட்டது.

யானையார் போகவில்லை. “இத்தனை நாளும் அவன் குற்றவாளி, குற்றவாளி என்றே அலைந்தாய். திட்டு யாருடையது, அதை எப்படி வைத்துக்கொள்வது என்று யாரிடமாவது கேட்டாயா?”

அவள் கேட்கவே இல்லை. முள்ளம்பன்றியும் கேட்கவில்லை. இருவரும் முதல்முறையாக ஒருவரை ஒருவர் நேராகப் பார்த்தார்கள்.

“முட்டையை என் தலையில் கட்டியிருக்கலாம். கட்டவில்லையே நீ” என்றான் முள்ளம்பன்றி. “கூடு இருக்கிற புதர் உனக்கு. வெளியே இருக்கிற கிழங்கு எனக்கு. சரிதானா?”

“தண்ணீர் ஏறினால்?”

“ஏறினால் எல்லாமே உனக்குத்தான். எனக்கு நீந்தச் சோம்பல்.”

செம்மூக்கிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அன்றே அவன் உதிர்ந்த தன் முட்களைப் பொறுக்கி, புதரைச் சுற்றி வேலியாக நட்டான். அந்த வேலியைத் தாண்டப் பாம்பும் யோசித்தது. மழை வருவதற்குள் மீதி நான்கு முட்டையும் பொரிந்தன.

எதிராளியைக் குற்றவாளியாக்கிப் பறிக்கும் முழு நிலத்தைவிட, உண்மையைச் சொல்லிப் பேசிப் பெறும் பாதி நிலமே நிம்மதி தரும்.

சந்தேகம் மட்டும் போகவில்லை. கடைசியில் ஒரு நாள் செம்மூக்கியிடமே கேட்டாயிற்று: “நீ மிதித்ததை யாருமே பார்க்கவில்லையே, பிறகு ஏன் சொன்னாய்?” “நான் பார்த்தேனே” என்றாள்.